பூக்காரியும் வரவேற்பறையும்

ஏழையொருவனை மேட்டுக்குடியினரின் வரவேற்பறையிற் கொணர்ந்து நிறுத்தி, அவன் படும் தடுமாற்றத்தைக் கண்டு நகைப்பது நாடக உலகின் பழைய உத்தி. நகைப்பவர் யார், நகைக்கப்படுபவர் யார் என்று கேளாமல் அந்நகைச்சுவையின் தரத்தை மதிப்பிடல் இயலாது. 1670இல் பதினான்காம் லூயி மன்னன் முன்னிலையில் மோலியேர் நடித்துக்காட்டிய வணிகன் ஜூர்தேனை எடுத்துக்கொள்வோம். அந்நாடகத்தில் பிரபுவும் ஓரளவு அடிபடுகிறான். எனினும், நகைப்பின் பெருஞ்சுமை பிரபுவாக விழைந்த வணிகன் தலையிலேயே விழுகிறது.

பேர்னாட் ஷாவின் ‘பிக்மேலியன்’ இவ்வுத்தியைத் தலைகீழாக்கியது. லண்டன் தெருவிற் பூ விற்ற எலைசாவை, ஒலியியற் பேராசிரியர் ஹிகின்ஸ் சில மாதம் பயிற்றித் தம் தாயாரின் விருந்தினர் முன் கொண்டுவருகிறார். அவளது உச்சரிப்பில் அணுவளவும் பிழையில்லை. பேசும் பொருளோ சேரியினுடையது. தன் அத்தை காய்ச்சலால் இறக்கவில்லை, ஒரு வைக்கோல் தொப்பிக்காக வீட்டிலிருந்தோரே அவளைக் கொன்றிருப்பர் என்று சீமாட்டியின் குரலிலே சொல்கிறாள். அங்கிருந்த கிளாரா என்னும் நங்கை, இதுவே புதுநாகரிகப் பேச்சென நம்பி, எலைசா உதிர்த்த வசைச்சொல்லைத் தானும் சொல்லிப் பார்க்கிறாள்! கிளாராவின் குடும்பமோ பணம் போயும் பகட்டுப் போகாத குடும்பம். எலைசாவைக் கண்டு நகைக்கத் தொடங்கிய நாம், கிளாராவைக் கண்டு நகைத்து முடிக்கிறோம். பிறப்பால் வந்ததென எண்ணப்பட்ட உயர்வு, பயிற்சியாற் பெறத்தக்க உச்சரிப்பாகச் சுருங்கிவிடுகிறது.

ஆனால் நாடகத்தின் உயிர்நிலை இதற்கும் அப்பால் உள்ளது. பந்தயத்தில் வென்ற ஹிகின்ஸ் களைத்து உறங்கச் செல்கிறார். எலைசாவோ இனித் தன் கதி என்ன என்று கேட்கிறாள். முன்னர் அவள் பூவை விற்றாள். சீமாட்டியானபின் திருமணச் சந்தையிலே தன்னையே விற்பதன்றி வழியில்லை என்பதை அவளே உணர்ந்து சொல்கிறாள். பேச்சைத் தந்த கல்வி பிழைப்பைத் தரவில்லை. ஆசிரியத் தொழிலில் உள்ளோர் ஹிகின்ஸை எளிதில் மன்னித்துவிடலாகாது.

இக்கேள்வியை அரங்குகள் விரும்பவில்லை. 1914இல் லண்டனில் ஹிகின்ஸாக நடித்த பீர்போம் ட்ரீ, இறுதியில் எலைசாவுக்குப் பூங்கொத்து வீசிக் காதற்சாயல் பூசினார். ஷா 1916இல் ஒரு பின்னுரை எழுதி, எலைசா வேறொருவனை மணந்து பூக்கடை வைத்தாள் என்று அறிவித்தார். பயனில்லை. 1938ஆம் ஆண்டுத் திரைப்படமும், 1956இல் அரங்கேறிய ‘மை ஃபெயார் லேடி’ இசைநாடகமும் அவளை ஹிகின்ஸிடமே திருப்பி அனுப்பின. அவள் வந்து நின்றதும் அவர் கேட்பது தம் வீட்டுச் செருப்புகளை. ஷாவின் நான்காம் அங்கத்தில் எலைசா அவர்மேல் வீசியெறிந்தவை அச்செருப்புகளே.