பொருந்தாத இருவரா?

லாரல் – ஹார்டி என்றதும் நம் கண்முன் நிற்பவை இரண்டு வட்டத் தொப்பிகள். அவ்விருவரும் ஒருசேர அத்தொப்பியணிந்து வந்த முதற்படம் 1927-இல் ஹால் ரோச் நிறுவனம் வெளிக்கொணர்ந்த ‘டூ டிடெக்டிவ்ஸ் திங்க்?’ என்னும் ஊமைக் குறும்படம் என்பர் திரை வரலாற்றாசிரியர். இரண்டே சுருள்; இயக்கியவர் ஃபிரெட் கியோல். துப்பறிவாளர்கள் சிந்திப்பதுண்டா என்று தலைப்பே கிண்டலாகக் கேட்கிறது!

கதை எளியது. ஒரு கொலைகாரனுக்கு நீதிபதி (ஜேம்ஸ் ஃபின்லேசன்) மரண தண்டனை விதிக்கிறார். ‘உன்னைத் தீர்த்துக் கட்டாமல் விடமாட்டேன்’ என்று கறுவியவன், சிறையிலிருந்து தப்பி, நீதிபதி வீட்டுக்கே பணியாள் வேடத்தில் வந்து சேர்கிறான். காவலுக்கு அழைக்கப்படுபவர்கள் நம் ஆட்கள்.

ஒல்லியும் குண்டும் சேர்ந்ததால் வந்த சிரிப்பு என்று பலர் இதை ஒதுக்கிவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஹோம்ஸ் – வாட்சன் இணையில் ஒருவர் அறிந்தவர், மற்றவர் வியப்பவர். இங்கே இரண்டு பேருக்குமே ஒன்றும் தெரியாது! ஆனால் ஷெர்லக் பிங்கம் என்று பெயர் தாங்கிய ஹார்டிக்கு மட்டும் தாம்தான் தலைவர் என்று நினைப்பு.

அந்த நினைப்பை உடைப்பது இடுகாட்டுக் காட்சி. காற்று தொப்பிகளை இடுகாட்டுக்குள் அடித்துச் செல்கிறது. ‘நீ போ, நீ போ’ என்று தள்ளிவிடுகிறார்கள். கடைசியில் எடுத்து மாட்டினால் தொப்பி மாறிக் கிடக்கிறது. பெரிய தலையில் சின்னத் தொப்பி ஏறினதும் அந்த அதிகாரமெல்லாம் போன இடம் தெரியவில்லை, பாருங்கள். பயத்தில் இருவரும் ஒரே உயரம். ஆகவே, உடலால் பொருந்தாத இவர்களை அச்சமே பொருத்தி வைக்கிறது என்பது என் துணிபு. தனியே போகத் துணிவில்லாத இருவர் என்பதுதான் இந்தக் கூட்டாளித்தனத்தின் அடிப்படை.

குறையும் உண்டு. வீட்டுக்குள் நடக்கும் துரத்தல் சற்று நீளம். இடுகாட்டின் நுட்பம் அங்கே இல்லை. ஆயினும் கொலைகாரன் பிடிபடுவது அறிவாலன்று, குளறுபடியால் என்பதில் தலைப்பின் கேள்விக்கு விடை கிடைத்துவிடுகிறது.

பேச்சில்லாத படம், இடையிடையே வரும் எழுத்துகளை மட்டும் படித்துச் சொன்னால் போதும். தமிழ் தடுமாறும் நம் வீட்டுப் பேரப்பிள்ளைகளோடு உட்கார்ந்து பாருங்கள். யாரும் யாருக்கும் மொழிபெயர்க்காமலே சேர்ந்து சிரிக்கலாம்.