தீர்ப்பும் அதன் நிறைவேற்றமும்

நீதிமன்றத்தில் வெற்றி பெற்ற பின்னரும் அதன் பலனைக் காணாத சாமானியனுக்கு, அரசாங்கம் எதிர்த்தரப்பாக நிற்கும் வழக்குகளில், பெரும்பாலும் எஞ்சி நிற்கும் உபாயம் அவமதிப்பு மனுவே. அரசியல் சட்டத்தின் 129, 215ஆம் பிரிவுகளால் உச்ச நீதிமன்றத்துக்கும் உயர் நீதிமன்றங்களுக்கும் உரிய இந்த அதிகாரத்தின் விரைவு, பிரத்தியட்சமாகக் காணக்கூடியது. ஓய்வு பெற்ற ஆசிரியர் ஒருவரின் நிலுவைத் தொகைக்கான கோப்பு, தீர்ப்பு வந்தும் மாதக்கணக்கில் கட்டவிழ்க்கப்படாமல் கிடந்து, துறைச் செயலாளர் நேரில் ஆஜராக வேண்டும் என்ற நோட்டீஸ் கிடைத்ததும், பிரிவுக் கண்காணிப்பாளரிடமிருந்து நிதித்துறை வரை ஒரே வாரத்தில் பயணம் செய்து அரசாணையாகத் திரும்புவதை அறியாத வழக்கறிஞர் இல்லை.

ஆனால் இந்த விரைவே ஒரு தீய வழக்கத்தை வளர்த்திருக்கிறது: தீர்ப்பில் குறித்த கெடுவை எவரும் மதிப்பதில்லை, அவமதிப்பு நோட்டீஸ் வரும் நாளே மெய்யான கெடுவாகிவிட்டது. இரண்டாவது மனுவுக்குப் பணமும் திராணியும் இல்லாதவனுக்கு முதல் தீர்ப்பு வெறும் காகிதமாகிறது. அதிகாரியின் வாய்மொழி உறுதியை நம்பி ஓராண்டைக் கழித்துவிட்டானாயின், 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு அந்தக் கதவையும் சாத்திவிடும்.

இதனினும் கொடியது, "மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்துத் தக்க உத்தரவு பிறப்பிக்கவும்" என்று முடியும் தீர்ப்புகளின் கதி. அவமதிப்பு மனு விசாரணைக்கு வருமுன் அதிகாரி அவசரமாகப் பரிசீலித்து, பழைய காரணங்களையே திருப்பி எழுதி நிராகரித்துவிடுகிறார். பரிசீலித்தாயிற்று என்பதால் அவமதிப்பு இல்லை, மனு முடித்துவைக்கப்படுகிறது, நிராகரிப்பை எதிர்த்துப் புதிய ரிட் மனுவோடு அந்த முதியவர் மீண்டும் முதல் படியில் நிற்கிறார். மூல உத்தரவைத் தாண்டி அவமதிப்பு விசாரணையில் புதிய பரிகாரம் வழங்கலாகாது என்னும் விதி தத்துவத்தில் நியாயமானதே; அதன் பாரம் முழுவதும் பலவீனன் தோளில் விழுவதுதான் என்னை வருத்துகிறது.

தண்டனையோ, அச்சமூட்டுவதற்குப் போதாது. 1926ஆம் ஆண்டு அவமதிப்புச் சட்டம் விதித்த ஆறு மாத வெறுங்காவலும் 2,000 ரூபாய் அபராதமுமே 1971ஆம் ஆண்டுச் சட்டத்திலும் உச்ச வரம்பாக நீடிக்கின்றன. வேண்டுமென்றே கீழ்ப்படியவில்லை என்பதை நிரூபித்த பின்னரும், நீதிமன்றம் திருப்தியுறும் வகையில் மன்னிப்புக் கேட்டால் தண்டனை நீங்கலாம். அயோத்தியில் நிரந்தரக் கட்டுமானம் தடுக்கப்படும் என்று அளித்த உறுதியைக் காக்கத் தவறிய முதலமைச்சர் கல்யாண் சிங்குக்கு, உச்ச நீதிமன்றம் 1994இல் விதித்தது ஒரு நாள் காவலும் 2,000 ரூபாய் அபராதமுமே.

அதிகாரிகளை அடிக்கடி நேரில் அழைப்பதைக் கட்டுப்படுத்தி உச்ச நீதிமன்றம் 2024 ஜனவரியில் வகுத்த நெறிமுறையை நான் குறைகூறவில்லை. ஒரு செயலாளர் நீதிமன்ற வாயிலில் பகல் முழுதும் காத்திருப்பதால் மற்ற கோப்புகளும் காத்திருக்கின்றன. ஆயினும் அந்தக் கண்டிப்பு தளரும்போது வேறொன்று அதனிடத்தில் வந்தாக வேண்டும். பொறுப்பாளியின் பதவியையும் கெடு நாளையும் தீர்ப்பிலேயே குறித்து, நிறைவேற்ற அறிக்கைக்காக வழக்கை மறு தேதியில் பட்டியலிடும் நீதிபதிகள் இன்றும் உண்டு. அதனால் வேலைப்பளு மிகும் என்பார்க்கு, அதே வழக்கு அவமதிப்பு மனுவாகவும் புதிய ரிட் மனுவாகவும் திரும்பி வந்து தின்னும் காலத்தைக் கணக்கிடுமாறு வேண்டுவேன்.