கொலையும் குற்றமுறு மனிதக்கொலையும்

தமிழில் ஓருயிரை நீக்குஞ் செயல்கள் யாவற்றிற்கும் கொலை என்னும் ஒரு சொல்லே பெரும்பான்மையும் வழங்கி வருகின்றது. பலநாட் சூழ்ந்து நஞ்சூட்டியவனும், வாய்ச்சண்டையிற் கைமிஞ்சி அடித்தவனும் ஊரவர் வாயிற் கொலைகாரரே. சட்டமோ இவ்விருவரையும் ஒரே தட்டில் வைத்து நிறுப்பதில்லை. 1883ஆம் ஆண்டின் இலங்கைத் தண்டனைச் சட்டக்கோவை, குற்றமுறு மனிதக்கொலை இன்னதென 293ஆம் பிரிவிற் கூறி, அதனுள் எவையெவை கொலையாகும் என்பதை 294ஆம் பிரிவில் வரையறுக்கின்றது. முன்னது பொது, பின்னது அதனுள் அடங்குஞ் சிறப்பு. மாவெல்லாம் மரமாதல் போலக் கொலையெல்லாங் குற்றமுறு மனிதக்கொலையாம், மரமெல்லாம் மாவாகா.

இப்பாகுபாடு பெயரளவில் நிற்பதன்று. 296ஆம் பிரிவின்படி கொலைக்குரிய தண்டனை மரணம் ஒன்றே. பதினெட்டு வயது நிரம்பாதோரும் கருவுற்ற பெண்டிரும் நீங்கலாக, வேறெவர் திறத்தும் அதனைக் குறைக்கும் உரிமை நீதிபதிக்கு இல்லை. கொலையாகாத மனிதக்கொலைக்கோ 297ஆம் பிரிவு, தீய கருத்து இருந்தவிடத்து இருபது ஆண்டு வரையும், விளைவு பற்றிய அறிவு மாத்திரம் இருந்தவிடத்துப் பத்து ஆண்டு வரையும் மறியல் விதிக்க இடந்தருகின்றது. 1976ஆம் ஆண்டிற்குப் பின்னர் இலங்கையில் எவருந் தூக்கிலிடப்படவில்லையெனினும், நீதிமன்றங்கள் அத்தண்டனையை விதித்தே வருகின்றன. ஆகவே இவ்விரு பிரிவுகளுக்கும் இடையேயுள்ள வரம்பு எத்துணைத் தெளிவுடையது என்பது ஏட்டுக்கல்வியளவில் ஒழியும் வினாவன்று.

அவ்வரம்பு வேண்டிய அளவு தெளிவாக இல்லை. 293ஆம் பிரிவு மூவகை மனநிலைகளைக் கூறும்: மரணத்தை விளைக்குங் கருத்து, மரணத்தை விளைக்கக்கூடிய உடலூறு செய்யுங் கருத்து, மரணம் விளையக்கூடும் என்னும் அறிவு. 294ஆம் பிரிவைப் புரட்டினால் முதலாவது சிறிதும் மாறாமல் அங்கேயும் நிற்கின்றது. இரண்டாவது, இயற்கையின் வழமையான போக்கில் மரணத்தை விளைக்கப் போதிய ஊறு என உருமாறுகின்றது. மூன்றாவது, செயல் உடனடியான பேரிடர் உடையது, மரணம் பெரும்பாலும் நேர்ந்தே தீரும் என்னும் அறிவாகத் திண்மை பெறுகின்றது. 'விளைக்கக்கூடிய' என்பதற்கும் 'விளைக்கப் போதிய' என்பதற்கும் இடைப்பட்ட வெளி எவ்வளவு? ஓர் உயிர் அவ்வெளியில் ஊசலாடுகின்றது. இலங்கைக் கோவைக்கு மூலமாயமைந்த 1860ஆம் ஆண்டின் இந்தியக் கோவையைப் பெரிதும் மெச்சிய ஸ்டீபன் என்னும் ஆங்கிலச் சட்டவறிஞரே, அதனுள் மிக நலிந்த பகுதி இதுவென்றே கருதினார். எனினும் இந்தியாவில் 2024 யூலை 1ஆந் தேதி அப்பழைய கோவைக்கு மாற்றாக நடைமுறைக்கு வந்த புதிய சட்டமும், தன் 100ஆம் 101ஆம் பிரிவுகளில் இவ்வரைவிலக்கணங்களைப் பெரிதும் அவ்வாறே எடுத்தாண்டுள்ளது.

விதி மயக்குமிடத்து எடுத்துக்காட்டுத் துணைசெய்கின்றது என்பதையுஞ் சொல்லுதல் வேண்டும். ஒருவன் நோயாளி, ஓரடியும் அவன் உயிரைப் போக்கக்கூடும் என அறிந்து அடிப்பவன் கொலைகாரன். அந்நோயை அறியாது, நலமுடையான் ஒருவனைக் கொல்லப் போதாத அடியை அடித்தவன் கொலைகாரன் அல்லன். அடியும் ஒன்று, சாவும் ஒன்று, அறிவே வேறு.

வரைவிலக்கணத்தின் இருளிற் பலகாலம் விளக்காயமைந்தது 1876ஆம் ஆண்டுப் பம்பாய் வழக்கொன்று. கோவிந்தன் என்னும் இளைஞன் தன் மனைவியைக் கீழே தள்ளி, மார்பில் முழங்காலை ஊன்றி, முகத்தில் மூடிய கையால் இரண்டு மூன்று முறை வலிதிற் குத்தினான். மூளையிற் குருதி கசிந்து அவள் இறந்தாள். நீதிபதிகள் இருவர் கருத்து வேறுபடவே வழக்கு மெல்வில் என்னும் மூன்றாம் நீதிபதியிடஞ் சென்றது. அவர் இரு பிரிவுகளின் சொற்களையும் அருகருகே நிறுத்தி ஒப்புநோக்கி, வேற்றுமை மரணம் நேருந் தகவின் அளவிலேயே உள்ளதெனக் கண்டார். மரணம் நேரக்கூடுமாயிற் குற்றமுறு மனிதக்கொலை. நேர்வது மிகப் பெரும்பான்மையாயிற் கொலை. கைக்குத்து அத்துணைத் தகவுடையதன்று என்பதால் அவ்விளைஞன் செயல் கொலையாகாதென முடிந்தது. தெளிவான தீர்ப்பே. ஆயினும் 'கூடும்' என்பது எங்கே முடிந்து 'மிகப் பெரும்பான்மை' எங்கே தொடங்குகின்றது என்பதற்கு அதுவும் அளவுகோல் தரவில்லை.

1958ஆம் ஆண்டில் வீர்சா சிங் வழக்கில் இந்திய உயர் நீதிமன்றம் வேறொரு வழியே சென்றது. ஈட்டியால் வயிற்றில் ஒரே குத்து, குத்துண்டவன் இறந்தான். மரணத்துக்குப் போதிய ஊறு செய்யுங் கருத்துக் குத்தியவனுக்கு இருந்ததில்லை என வாதிக்கப்பட்டது. நீதியரசர் போஸ் அதனை ஏற்கவில்லை. உடலிற் காணப்படும் அவ்வூற்றைச் செய்யவே அவன் கருதினானா என்பது மாத்திரமே மனம்பற்றிய வினா. அவ்வூறு மரணத்துக்குப் போதியதா என்பது புறச்சான்றால் துணியப்படுவது என்றார். தீர்ப்போர்க்கு இஃது எளிதான வழி. ஆனால், வரம்பின் பாதி குற்றவாளியின் நெஞ்சிலிருந்து சட்டவைத்தியரின் அறிக்கைக்குப் பெயர்ந்துவிடுகின்றது. விளைவைக்கொண்டு வினையை அளக்கும் நீதி தமிழர்க்குப் புதிதன்று. சேக்கிழார் பாடிய மனுநீதிச் சோழன், தன் மகனறியாமல் தேர்க்காலிற் புகுந்திறந்த கன்றுக்காக, கழுவாய் போதுமென்ற அமைச்சர் சொல்லைத் தள்ளி, மகன்மேலே தேரை ஊர்ந்தான். போஸ் அவ்வெல்லைவரை செல்லவில்லை. தற்செயலாய் நேர்ந்த ஊற்றை அவர் தெளிவாக விலக்கியுள்ளார்.

இனி, 294ஆம் பிரிவின் விலக்குகள் வேறொரு சிக்கலை எழுப்புகின்றன. கடுமையான திடீர்ச் சினமூட்டலால் தன்னடக்கம் இழந்தவன், கொல்லுங் கருத்துடனேயே கொன்றாலும், அவன் குற்றம் கொலையாகாது. கொல்லுங் கருத்து உளதாயின் சினமூட்டல் என்னும் எதிர்வாதம் பொதுவாகச் செல்லாது என 1946இல் ஹோம்ஸ் வழக்கில் இங்கிலாந்தின் பிரபுக்கள் சபையிற் கூறப்பட்டது. இலங்கையிலிருந்து சென்ற யோன் பெரேரா வழக்கில் 1953இற் கோமறைக் கழகம் அதனை இந்நாட்டுக் கோவைக்குப் பொருந்தாதெனக் கொண்டது. கொலைக்கு வேண்டுவன யாவும் நிரம்பியவிடத்தே அன்றோ விலக்கென ஒன்று வேண்டப்படும்? சொல்லைச் சொல்லாகவே படித்ததன் பயன் அத்தீர்ப்பு. இவ்விலக்குக்குக் கோவை எல்லையும் வகுத்துள்ளது: சினமூட்டியவனை விடுத்து அவன் குழந்தையைக் கருதிக் கொன்றவனுக்கு அஃது இல்லை.

இவ்வாறு கொலையாகாத மனிதக்கொலைக்குள் இருவேறு மாந்தர் வந்து சேர்கின்றனர். கொல்லவே எண்ணாது, மரணம் விளையக்கூடிய ஊற்றை மாத்திரங் கருதியவன் ஒருவன். கொல்லவே எண்ணி, சினத்தின் பொருட்டுச் சலுகை பெற்றவன் மற்றொருவன். முன்னவனிடம் மனக்குற்றம் குறைவு. பின்னவனிடம் அது முழுமை. 297ஆம் பிரிவு இவ்விருவரையும் 'கருத்து' என்னும் ஒரே தலைப்பின்கீழ் நிறுத்தி, ஒரே இருபது ஆண்டு எல்லையை வகுத்துவிட்டு, எஞ்சிய வேறுபாட்டைத் தண்டனை விதிப்பவரின் கையில் விடுகின்றது. 296ஆம் பிரிவு மறுத்த உரிமை அங்கே அளவின்றிக் கொடுக்கப்பட்டுள்ளது.