ரயில்வே கேட்டில் ஒரு காதல்

மௌனப்படக் காலத்திலேயே ஜெர்மனியிலிருந்து வந்து ‘பிரேம சன்யாஸ்’ (1925), ‘ஷிராஸ்’ (1928) எடுத்தவர் ஃபிரான்ஸ் ஆஸ்டன். 1936-இல் பாம்பே டாக்கீஸுக்காக அவர் இயக்கிய ‘அச்சுத் கன்யா’ பேசும் படம்தான். ஆனாலும் அதன் உயிர் முகங்களில்தான் இருக்கிறது. இந்தி தெரியாத ஆஸ்டன் வசனத்தைவிடப் பார்வையை நம்பினார்.

கஸ்தூரி தாழ்த்தப்பட்ட சாதியில் பிறந்த கேட் காவலாளியின் மகள். பிரதாப் பிராமணக் கடைக்காரரின் மகன். பாம்பு கடித்த பிரதாப்பின் அப்பாவை, வாய்வைத்து விஷத்தை உறிஞ்சிக் காப்பாற்றியவர் கஸ்தூரியின் அப்பா. அந்த வாய் பட்டதால் பிழைத்த குடும்பம். கல்யாணப் பேச்சுக்கு மட்டும் ஊர் விடாது. கடைசியில், தண்டவாளத்தில் அடித்துக்கொள்ளும் பிரதாப்பையும் தன் கணவனையும் காப்பாற்ற ரயிலை எதிர்த்து ஓடுகிறாள் தேவிகா ராணியின் கஸ்தூரி. அங்கே ஒரு சொல்கூட வேண்டியிருக்கவில்லை. ஜோசப் விர்ஷிங்கின் கேமரா போதும்.

படத்தில் கும்பல் திரண்டு வரும் காட்சியை நம் ஊத்தங்கரைக்காரர்கள் பழங்கதை என்று தள்ளிவிட முடியாது. 2012 நவம்பரில், பக்கத்துத் தருமபுரியில், ஒரு சாதி மறுப்புத் திருமணத்தைக் காரணம் காட்டி, தலித் மக்கள் வாழும் நத்தம் காலனி வீடுகளை ஒரு கும்பல் கொளுத்தியது. கல்யாண வயதில் பிள்ளைகள் இருக்கும் வீட்டில், எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து இந்தப் படத்தைப் பாருங்கள்.