சத்தமில்லாத தும்மல்

மௌனப் படத்தில் ஒருவன் தும்மினால் சிரிப்பு வருமா?

செகாவ் 1883-ல் எழுதிய 'ஒரு குமாஸ்தாவின் மரணம்' படித்திருப்பீர்கள். மூன்று பக்கம் தேறும். செர்வியாகோவ் (ரஷ்ய மொழியில் 'செர்வியாக்' என்றால் புழு) தியேட்டரில் தும்மிவிடுகிறான். முன்னால் ஒரு ஜெனரல், வழுக்கையைத் துடைத்துக்கொள்கிறார். இவன் இலாகாகூட இல்லை. மன்னிப்புக் கேட்கிறான். பரவாயில்லை என்கிறார். இடைவேளையில் மறுபடி. மறுநாள் தேடிப்போய் மறுபடி. கடைசியில் அவர் 'வெளியே போ' என்று கத்த, வீட்டுக்கு வந்து உடுப்பைக்கூடக் கழற்றாமல் சோபாவில் படுத்துச் செத்துப்போகிறான்.

1929-ல் புரோட்டசானோவ் செகாவின் மூன்று கதைகளை ஒரே மௌனப் படமாகக் கோத்தார். பெயர் 'பதவிகளும் மனிதர்களும்'. குமாஸ்தாவாக மாஸ்கோ ஆர்ட் தியேட்டரின் மாஸ்க்வின்.

கதையை எடுக்கும்போது முதலில் காணாமல் போவது செகாவின் குரல். 'திடீரென்று' என்று எழுதிவிட்டு, கதாசிரியர்கள் அடிக்கடி இப்படித்தான் எழுதுவார்கள் என்று தன்னையே கிண்டலடித்துக்கொள்வாரே, அதை எந்தக் கேமராவால் பிடிக்க முடியும்? 'செத்துப்போனான்' என்ற கடைசிச் சொல்லும் அப்படித்தான். படிக்கும்போது பாதிச் சிரிப்பில் திடுக்கிடுகிறோம். திரையில் பிணத்தைப் பார்த்தால் சிரிப்பு எங்கே?

ஆனால் ஒன்றை மௌனம் கொடுத்துவிடுகிறது. ஜெனரல் மன்னித்துவிட்டார், வாயால். குமாஸ்தா அதைக் கேட்கவே இல்லை. அவர் முகத்தைத்தான் படித்துக்கொண்டிருக்கிறான். நமக்கும் அதே கதி. உதடு அசைகிறது, சத்தமில்லை, கோபமா இல்லையா என்று நாமும் முகத்தையே பார்க்கிறோம். நான் வேலை பார்த்த ஓர் ஆபீசில் மேலதிகாரி 'நோ ப்ராப்ளம்' என்றால் அன்றைக்கு யாருக்கும் மத்தியானச் சாப்பாடு இறங்காது. அந்த பயத்துக்கு வசனம் எதற்கு?

தமிழிலும் பலருக்குத் தெரிந்த 'பச்சோந்தி'க்கு இந்த அதிர்ஷ்டம் இல்லை. இதிலும் மாஸ்க்வின்தான், இன்ஸ்பெக்டராக. கடித்த நாய் ஜெனரலுடையதா, தெருநாயா என்று கூட்டம் மாற்றி மாற்றிச் சொல்ல, அவர் தீர்ப்பும் மாறுகிறது. ஓவர்கோட்டைக் கழற்றுவதும் மாட்டுவதும் கண்ணுக்கு விருந்து. ஆனால் பல்டி முழுக்கப் பேச்சில் இருக்கிறது. எழுத்து அட்டை வந்து, படித்து முடிப்பதற்குள் சிரிப்பு ஆறிப்போகிறது. மூன்றாவது கதையான 'அன்னா' காமெடி கணக்கில் வராது, விடுங்கள்.

படம் கிடைத்தால் தும்மலை முதலில் பாருங்கள். அதற்கு முன்னால் கதையைப் படித்துவிடுங்கள், மூன்று பக்கம்தானே.