வெம்பிளி வழியாக ஒரு ரயில் படம்

1973 பிப்ரவரியில் பிபிசி ஒளிபரப்பிய 'மெட்ரோ-லேண்ட்' ஆவணப்படம் இன்று பார்த்தாலும் சலிப்பதில்லை. முந்தைய ஆண்டுதான் அரசவைக் கவிஞரான ஜான் பெட்ஜமன், மெட்ரோபாலிட்டன் ரயில்பாதையைப் பிடித்துக்கொண்டு லண்டனின் வடமேற்கே போகிறார். இயக்கம் எட்வர்ட் மிர்சோயெஃப்.

வெம்பிளியில் அவர் தேடுவது 1924 பிரிட்டிஷ் பேரரசுக் கண்காட்சியின் மிச்சங்களை. அதற்கும் முன்பே, ஈஃபில் கோபுரத்தை மிஞ்ச ஆசைப்பட்டு ரயில் அதிபர் எட்வர்ட் வாட்கின் இங்கே எழுப்பிய கோபுரம் முதல் தளத்தைத் தாண்டவேயில்லை. 1907இல் அதைத் தகர்த்தார்கள். பின்னர் அங்கே ஸ்டேடியம் வந்தது. இந்தத் தோல்விக் கதையை பெட்ஜமன் ரசித்து ரசித்துச் சொல்கிறார்.

ஆனாலும் மனதில் நிற்பவர்கள் சாமானியர்கள்தாம். காரைக் கழுவுகிறார்கள், புல் வெட்டுகிறார்கள். சோர்லிவுட்டில் ஒருவர், சினிமாக் கொட்டகையில் முழங்கிய பிரம்மாண்ட ஆர்கனையே வீட்டுக்குள் நிறுவி வாசிக்கிறார்! கேமரா சிரிக்கிறது, யாரையும் கேலி செய்வதில்லை. (நம் தொலைக்காட்சிகளுக்கு இந்தப் பக்குவம் எப்போது வருமோ.)

படத்தில் இல்லாததும் ஒன்று உண்டு. ஈழத் தமிழர் பெருமளவில் லண்டன் வந்தது 1983க்குப் பிறகு. ஆகவே வெம்பிளி ஈலிங் ரோட்டின் இன்றைய தமிழ்ப் பரபரப்பு இந்தப் படத்தில் கிடையாது. அடுத்த படம் எடுப்பவர் அங்குள்ள ஈழபதீஸ்வரர் கோயில் வாசலிலேயே கேமராவை வைக்கலாம்.