ஒவ்வொரு பிரேமும் ஓவியமா?

2024இல் கான் திரைப்பட விழாவில் ஒளிப்பதிவாளர் சந்தோஷ் சிவனுக்குப் பியர் ஆஞ்ஜெனியூ விருது கிடைத்தது. அதைப் பெற்ற முதல் இந்தியர் அவர். அன்றிலிருந்து அவரைப் பற்றி எழுதுகிற எல்லோரும் ஒரே புகழுரையைத்தான் சொல்கிறார்கள்: "ஒவ்வொரு பிரேமும் ஓவியம்." அவருடைய குறையே அதுதான் என்பது என் நெடுநாள் எண்ணம்.

திறமையில் ஐயமில்லை. 'பெருந்தச்சன்', 'காலாபானி', 'இருவர்', 'உயிரே' (தில் சே) நான்குக்கும் தேசிய விருது. 'தளபதி'யில் ரஜினிகாந்துக்குப் பின்னால் சூரியனை நிறுத்தியே கர்ணனை நினைவூட்டிவிட்டார். 'இருவர்' படத்தின் நீண்ட காட்சிகளில் கமெரா மனிதர்களை விட்டு விலகவேயில்லை. அந்த ஒரு படத்துக்காகவே அவருக்கு எந்த விருதும் தகும்.

ஆனால் அவரே இயக்கி ஒளிப்பதிவும் செய்த 'தி டெரரிஸ்ட்' (1998) படத்தைப் பாருங்கள். தற்கொலைத் தாக்குதலுக்குத் தயாராகும் பெண்ணின் முகத்தில் நீர்த்துளி, இமையில் ஈரம், இலையில் வெளிச்சம். கமெரா தோலுக்கு அவ்வளவு கிட்டப் போவதால் அவளை அங்கே கொண்டுவந்த மண்ணும் ஊரும் கலங்கிப்போகின்றன. அவளுடைய முடிவை நாம் எடைபோடுவதில்லை, அவள் கண்களை ரசிக்கிறோம். 2014இல் ஈழப் போரைப் பற்றி அவர் இயக்கிய 'இனம்' வெளியாகி எதிர்ப்பால் அரங்குகளிலிருந்து எடுக்கப்பட்டபோதும் வாதமெல்லாம் அரசியலைப் பற்றித்தான். துயரத்தை அழகாக்கும் கண்ணை அவ்வளவாக எவரும் கேள்வி கேட்கவில்லை.

'உயிரே' படத்தின் 'தைய தையா' பாட்டில் வரும் ரயில் நீலகிரி மலைப்பாதையில் ஓடுகிறது. கூரையில் ஆட்டம், பின்னால் மலையும் பசுமையும். எனக்கு அந்த மலை வெறும் பின்னணி இல்லை. 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் இலங்கை மலையகத்திலிருந்து கப்பலேறிப் போன எங்கள் சனத்துக்கு வேலை கொடுக்கவென்றே தமிழ்நாடு அரசு நீலகிரியில் டான்டீ தோட்டங்களைத் தொடங்கியது. அந்தக் கொழுந்துக் காடுகளில் இன்றும் அவர்களுடைய பிள்ளைகள் இருக்கிறார்கள். ஒரு பாட்டின் தலையில் இவ்வளவு பாரத்தை ஏற்றலாமா என்பார்கள். தேசிய விருது கொடுத்துப் போற்றிய ஒளிப்பதிவு அந்தப் பாரத்தையும் சுமக்கட்டும். மலையைக் காட்டி, அதில் வாழ்பவரைக் கமெராவுக்கு வெளியே வைப்பதும் ஒரு முடிவுதானே?

மழையில்தான் எனக்கு அவரோடு பெரிய சண்டை. பின்னாலிருந்து வெளிச்சம் விழாவிட்டால் மழைத்தாரை திரையில் அநேகமாகத் தெரியாது. ஆகவே பளிச்சென்று தெரியும் மழை ஒளிப்பதிவாளர் தேர்ந்தெடுத்த மழை. ஒளிப்பதிவாளர் மணிகண்டனோடு சேர்ந்து சந்தோஷ் சிவன் எடுத்த 'ராவணன்' (2010) அப்படி நனைந்த படம். பாறை மின்னுகிறது, உடல் மின்னுகிறது. அந்த மழையால் ஒருவருக்கும் ஒருநாள் கூலி போவதில்லை. இலங்கையில் எங்கள் அரநாயக்கப் பக்கம் றப்பர் தோட்டத்தில் விடியற்காலையில் மழை பிடித்தால் பால்வெட்டு நிற்கும், அன்றைக்குப் பேர், அதாவது நாட்கூலி, கிடையாது. 2016 மே 17ஆம் திகதி, விடாமல் பெய்த மழையில் அங்கே சாமசரக் கந்த என்ற மலை சரிந்து ஊர்களை மூடியது. இறந்தோரும் காணாமற்போனோருமாக நூறு பேருக்கு மேல். மழை என்றால் வானத்தைப் பார்த்துவிட்டு மலையையும் பார்க்கிற எங்களுக்கு, மழையை நகைபோல அணிவிக்கும் கமெரா பொய் சொல்வதாகவே படுகிறது.

இதற்கு மாற்று எங்கள் நாட்டிலேயே இருக்கிறது. எம்.எஸ். ஆனந்தன் கறுப்பு வெள்ளையில் ஒளிப்பதிவு செய்த சிங்களப் படம் 'நிதானய' 1972இல் வெனிஸில் பரிசு பெற்றது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் அந்தப் படத்தில் வளவு மாளிகையின் இருட்டும் யன்னல் வெளிச்சமும் தங்களைப் பாருங்கள் என்று கேட்பதேயில்லை. அவை நம்மை நாயகன் வில்லி அபேநாயக்கவின் குற்ற மனத்துக்குள் இறக்குகின்றன. அழகு அங்கே குறைவா? இல்லை, கதைக்கு அடங்கி நிற்கிறது. ஒளிப்பதிவு கற்க ஆசைப்படும் எங்கள் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு முதலில் போட்டுக் காட்ட வேண்டிய படம் அதுதான். 'ராவணன்' பிறகு வரட்டும்.